சலவையறைப் பூட்டு

எங்கள் கட்டிடத்துச் சலவையறையில் வியாழக்கிழமை சாயங்காலம் நேரம் கிடைப்பது குதிரைக்கொம்பு. எல்லோருக்கும் அந்த நேரம்தான் வேண்டும். புதன்கிழமை துவைத்தால் ஞாயிற்றுக்குள் கூடை மறுபடி நிறைந்துவிடுகிறது, வெள்ளிக்கிழமை துவைத்தால் வாரக்கடைசி பாழாகிறது. நீங்கள் தனி வீட்டில் இருக்கிறவர் என்று நினைக்கிறேன், உங்களுக்கு இது சிரிப்பாக இருக்கும். இங்கே ஓர்ஸ்தாவில் எங்களைப் போல் பழைய மூன்று மாடிக் கட்டிடத்தில் குடியிருக்கிறவர்களைக் கேட்டுப் பாருங்கள். பெண்டாட்டியைக் கூட்டிக்கொண்டு போனவனைக்கூட ஒருநாள் மன்னித்துவிடுவார்கள். சலவை நேரத்தில் கைவைத்தவனை மன்னிக்க மாட்டார்கள்.

நிலவறைப் படிக்கட்டின் கீழே, சுவரில் ஒரு பலகை இருக்கிறது. கிழமையும் மணியும் எழுதி, ஒவ்வொன்றுக்கும் ஒரு துளை. வீட்டுக்கு ஒரு சின்னப் பூட்டு, அதன்மேல் வீட்டு எண். வேண்டிய துளையில் பூட்டைச் செருகிச் சாவியைத் திருப்பிவிட்டால் அந்த நேரம் உங்களுடையது. சாவி உங்கள் வீட்டில் இருக்கிறவரை வேறு யாராலும் அந்தப் பூட்டை அசைக்க முடியாது. எங்கள் சாவி சமையலறைக் கதவுக்குப் பக்கத்தில் ஓர் ஆணியில் தொங்கும். மாலினும் எடுப்பாள், நானும் எடுப்பேன்.

மாலின் ஏன் செத்தாள் என்பதுதான் உங்கள் கேள்வி, சலவையறை அல்ல. தெரியும். அவளுக்கு ஒரு நோயும் இல்லை என்று ஆஸ்பத்திரிக்காரர்கள் என்னிடம் சொல்லியிருக்கிறார்கள் என்பதையும் நீங்கள் கண்டுபிடித்துவிட்டீர்கள், அதனால்தான் இரண்டாம் தடவை விசாரணைக்குக் கூப்பிட்டிருக்கிறீர்கள். எதையும் மறைக்கப் போவதில்லை. ஆனால் என் வரிசைப்படி சொல்ல விடுங்கள்.

நான் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கிறவன். பயிற்சி வண்டியில் ஆசிரியன் பக்கத்திலும் ஒரு பிரேக் உண்டு, உங்களுக்கும் ஞாபகம் இருக்கும். நல்ல ஆசிரியன் அதை மிதிப்பது மாணவருக்குத் தெரியாது. வண்டியைத் தானே நிறுத்தியதாகத்தான் அந்தப் பிள்ளை நினைக்கும், தைரியமும் கெடாது. இந்த வேலைக்கு வந்ததிலிருந்து நான் குரலை உயர்த்தியதில்லை. வீட்டிலும் அப்படித்தான். மாலின்மேல் ஒருநாளும் கை ஓங்கியதில்லை. அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

கல்யாணம் செய்துகொள்ளாமலே ஒன்றாக இருந்தோம், இந்த ஊரில் பாதிப் பேரைப் போல. மாலினுக்கு மருந்துக்கடையில் வேலை. வயதானவர்கள் அவள் கவுண்டருக்கு வரிசை கட்டி நிற்பார்கள், மற்ற கவுண்டர்கள் ஈ ஓட்டிக்கொண்டிருக்கும். யார் எந்த மாத்திரை சாப்பிடுகிறார்கள், யாருக்கு எது ஒத்துக்கொள்ளாது என்பதெல்லாம் அவளுக்கு மனப்பாடம். புதன்கிழமைகளில் தேவாலயத்துச் சேர்ந்திசைக் குழுவில் பாடுவாள். வீட்டுக்கு வந்தால் மட்டும் பாட்டு நின்றுவிடும்.

எப்போது அப்படி ஆனது என்று என்னால் சொல்ல முடியாது. சண்டையெல்லாம் கிடையாது. சண்டை போடுவதற்காவது ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க வேண்டும். நான் குறட்டை விடுகிறேன் என்று சின்ன அறையில் படுக்க ஆரம்பித்தாள். அப்புறம் நின்றுகொண்டே சாப்பிட ஆரம்பித்தாள், பாத்திரம் கழுவ வசதி என்று. நாள் முழுக்கப் பக்கத்து இருக்கையில் யாராவது ஒருவரோடு பேசிக்கொண்டே இருக்கிறவன் நான். சாயங்காலம் கதவைத் திறந்தால் என் சொந்த வீட்டில் எனக்குப் பேச ஆளில்லை. ஒரே கூரைக்கு அடியில் இருந்துகொண்டு ஒருத்திக்காக ஏங்குவது எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியாமல் இருக்கட்டும்.

போன ஆகஸ்டில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, பால்கனியில் நண்டு உரித்துக்கொண்டிருந்தோம். அவள் சொன்னாள்.

"ஹோக்கான், எனக்கு க்ரொந்தால்ல வீடு கிடைச்சிருக்கு. ஒரு ரூம்தான். ஜனவரியில சாவி தருவாங்க."

"வீடா? எதுக்கு?"

"வாடகை வீட்டு வரிசையில பேர் குடுத்திருந்தேன். உன்கிட்ட சொன்னேனேப்பா."

"சொல்லவே இல்ல."

"சொன்னேன். நீ கேக்கல."

"அப்ப நம்ம கதை?"

"நம்ம கதைக்கு என்ன? சேர்போவா இருப்போம். ஊர்ல எத்தனை பேர் இல்ல? ஞாயித்துக்கிழமை நீ வா, நான் சமைக்கிறேன். இல்ல, நீயே சமை. உன் மீன் சூப்பை மட்டும் நான் இன்னும் வெறுக்கல." அவள் சிரித்தாள். நானும் சிரித்து வைத்தேன்.

சேர்போ. காதலர்கள்தான், ஆனால் வீடு தனித்தனி. அதற்கென்று நம்மிடம் ஒரு சொல்லே இருக்கிறது பாருங்கள். படித்தவர்கள் அதை நாகரிகம் என்பார்கள். என்னை வாசலில் நிறுத்தி, வாரத்துக்கு ஒரு கோப்பை காப்பி நீட்டுகிற ஏற்பாடாகத்தான் எனக்கு அது பட்டது. அவளிடம் அப்படிச் சொல்லவில்லை. "உன் விருப்பம்" என்று மட்டும் சொன்னேன்.

முதல் தடவை நடந்தது உண்மையிலேயே கைத்தவறுதான். நீங்கள் நம்ப வேண்டும். ஒரு மாணவன் பயத்தில் பயிற்சி வண்டிக்குள்ளேயே வாந்தி எடுத்துவிட்டான், இருக்கை உறைகளைத் துவைக்க வேண்டியிருந்தது. மாலின் வியாழக்கிழமை நாலு மணிக்குப் போட்டிருந்த பூட்டை எடுத்து வெள்ளிக்கிழமைக்கு மாற்றினேன். வீட்டுக்கு ஒரு பூட்டுதானே. அவளிடம் சொல்ல வேண்டும் என்றுதான் இருந்தேன். வேலை மும்முரத்தில் மறந்துபோனேன்.

அந்த வியாழக்கிழமை நான் வேலை முடிந்து கட்டிடத்துக்குள் நுழைகிறபோதே நிலவறையிலிருந்து ஊல்லாவின் குரல் கேட்டது. ஊல்லா முதல் மாடியில் இருப்பவள். ஓய்வு பெற்ற ரயில்வே பரிசோதகி. டிக்கெட் கேட்கிற தோரணை இன்னும் போகவில்லை.

"ஏம்மா, கண்ணு தெரியுதா இல்லையா உனக்கு? பலகையைப் பாரு. இந்த நேரத்துல யாரு பூட்டு இருக்கு? என் பூட்டு. உன் பூட்டு எங்க இருக்கு? அங்க, வெள்ளிக்கிழமையில."

"இல்ல ஊல்லா, நான் வியாழன்தான் போட்டேன். நல்லா ஞாபகம் இருக்கு. இந்தக் கையாலதான் திருப்பினேன்."

"அப்ப பூட்டுக்குக் கால் முளைச்சு அதுவா நடந்து போச்சா? காலையில பார்த்தேன், இடம் காலியா இருந்துச்சு, போட்டேன். நான் என்ன திருடியா?"

"ஐயோ, அப்படிச் சொல்லல. மன்னிச்சிடுங்க. இப்பவே எடுத்துடறேன்."

"சொட்டச் சொட்ட ஈரத்துணியை எடுத்துக்கிட்டு எங்க போவ? இருக்கட்டும் விடு. இனிமேலாவது பார்த்துப் போடு. என் வயசுல மறந்தா நியாயம். உனக்கு என்ன வந்துச்சு?"

நான் நாலு படி இறங்கி, 'மாற்றியது நான்தான்' என்று சொல்லியிருக்கலாம். சொல்லியிருந்தால் அந்தக் கிழவி என் பக்கம் திரும்பியிருப்பாள். களைப்பாக இருந்தது. சத்தமில்லாமல் மேலே போய்விட்டேன். இதில் என்னை யாரும் குறை சொல்ல முடியாது என்று நினைக்கிறேன்.

மாலின் வெறுங்கையோடு மேலே வந்தாள். பேயறைந்த மாதிரி இருந்தாள்.

"நீ பூட்டை மாத்தினியா?"

"நானா? இல்லையே."

திட்டு வாங்க விருப்பமில்லாதவன் எவனும் சொல்கிற பதில்தான். அடுத்த நிமிஷம் அவள் ஆணியில் தொங்கிய சாவியைப் பார்த்திருந்தாலோ, இன்னொரு தடவை அழுத்திக் கேட்டிருந்தாலோ நான் ஒப்புக்கொண்டிருப்பேன். அவள் கேட்கவில்லை. என்னை நம்பினாள். சோபாவில் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். அவள் அம்மாவைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தாள்.

அம்மா சீக்கிரமே போய்விட்டார் என்பது மட்டும்தான் அதுவரை எனக்குத் தெரியும். பெயர் சூல்வேய். ஹேர்நோசாந்தில் பள்ளி ஆசிரியை. ஐம்பதைத் தொடுவதற்குள்ளேயே மறதி வந்துவிட்டது. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை பள்ளிக்கூடத்துக்குப் போய், பூட்டின வாசலில் பிள்ளைகளுக்காகக் காத்துக்கொண்டு நின்றாராம். அதுதான் ஆரம்பம். கடைசியில் மாலினைப் பார்த்து, 'நீ யார் வீட்டுப் பொண்ணும்மா?' என்று கேட்டாராம். சொல்லிக்கொண்டே வந்தவள் அப்படியே என் மடியில் தலை வைத்துப் படுத்துவிட்டாள்.

அவள் தலை என் மடியில் இருந்து எத்தனையோ வருஷம் ஆகியிருந்தது. முடியில் சலவைத்தூள் வாசனை வந்தது. அவள் அழுகிறாள், நான் தலையைத் தடவிக்கொண்டே இருக்கிறேன். நான் சந்தோஷமாக இருந்தேன். அதை மறைத்துப் பேசுவதில் அர்த்தமில்லை. அப்போது உண்மையைச் சொல்லியிருந்தால் அவள் ஒரு தடவை சிரித்துவிட்டு, தலையைத் தூக்கிக்கொண்டு எழுந்து போயிருப்பாள். சின்ன அறைக்கு, அங்கிருந்து க்ரொந்தாலுக்கு.

ஒரு வாரமோ பத்து நாளோ நன்றாகப் போயிற்று. உட்கார்ந்து சாப்பிட்டாள். பிறகு பயம் கொஞ்சம் தெளிந்தது, புது வீட்டுக்குத் திரைச்சீலை எந்த நிறத்தில் போடலாம் என்று என்னிடமே கேட்டாள். மறுநாள் காலை நான் கீழே போய்ப் பூட்டை வியாழனிலிருந்து செவ்வாய்க்கு மாற்றினேன். பெரிய காரியம் ஒன்றும் இல்லை. ஒரு சாவியைத் திருப்புகிற வேலை.

இந்தத் தடவை ஊல்லா கத்தவில்லை. "மாலின் கண்ணு, உடம்பு ஏதும் சரியில்லையா? தூக்கம் வருதா? யாராவது நல்ல டாக்டரைப் பாரேன்" என்றாளாம். கத்தியிருந்தால் மாலின் தாங்கியிருப்பாள். அந்தக் கிழவி அவள் கன்னத்தைத் தட்டிக்கொடுத்ததுதான் அவளை உடைத்துவிட்டது. அதன்பிறகு கட்டிடத்தில் எல்லோரும் அவளிடம் நிறுத்தி நிதானமாகப் பேச ஆரம்பித்தார்கள், காது கேளாதவர்களிடம் பேசுகிற மாதிரி.

அப்புறம் நான் அதிகம் செய்ய வேண்டியிருக்கவில்லை. அவள் சைக்கிளை வாசலின் இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கம் நிறுத்தி வைப்பேன். ஏலக்காய் டப்பா இருந்த இடத்தில் உப்பு இருக்கும். நான் எதையும் கெடுத்ததில்லை, உடைத்ததில்லை. நகர்த்தினேன், அவ்வளவுதான். மிச்சத்தை அவளே செய்துகொண்டாள். மருந்துச்சீட்டை மூன்று தடவை படிப்பதாகச் சொன்னாள், மூன்றாம் தடவை படிக்கிறபோது முதல் இரண்டு தடவை படித்தோமா என்று சந்தேகம் வருகிறதாம். பயந்தவர்கள் யாராக இருந்தாலும் அப்படித்தான். பதற்றத்தில் கியர் எங்கே இருக்கிறது என்று தேடுகிற மாணவர்களை நான் தினமும் பார்க்கிறேன்.

ஒருநாள் சாயங்காலம் கேட்டாள், "இந்த வாரம் ஒத்திகை புதன்தானே?"

"செவ்வாய்க்கு மாத்திட்டாங்கன்னு நீதானே சொன்ன" என்றேன்.

"ஆமா" என்றாள். "ஆமா, சொன்னேன்." செவ்வாய்க்கிழமை கிளம்பிப் போனாள். தேவாலயம் பூட்டிக் கிடந்தது. அம்மா நின்ற மாதிரியே அந்த வாசலில் கொஞ்ச நேரம் நின்றிருக்கிறாள். நான் எதிரே வண்டியில் உட்கார்ந்திருந்தேன், பிளாஸ்க்கில் சூடாகக் காப்பி எடுத்துப் போயிருந்தேன். அவளை நெடுநேரம் நிற்கவிடவில்லை. ஒற்றை ஹாரன் கொடுத்தேன்.

கதவைத் திறந்து உள்ளே உட்கார்ந்ததும், "நான் இங்க நிப்பேன்னு உனக்கு எப்படித் தெரிஞ்சுது?" என்றாள்.

"மனசு சொல்லிச்சு" என்றேன்.

அவள் என் கையைப் பிடித்துத் தன் கன்னத்தில் வைத்துக்கொண்டாள். "நீ இல்லன்னா நான் என்ன ஆவேன்" என்றாள். வீடு வரைக்கும் அந்தக் கையை விடவில்லை. நான் ஒற்றைக் கையாலேயே ஓட்டினேன், மாணவர்களுக்கு நான் ஒருபோதும் அனுமதிக்காத காரியம்.

சின்ன அறையைக் காலி செய்துவிட்டு என் கட்டிலுக்குத் திரும்பி வந்தாள். நம் ஊரில் ஒரே கட்டிலில் படுத்தாலும் ஆளுக்கொரு போர்வை. அவள் தன் போர்வையைக் காலடியில் தள்ளிவிட்டு என் போர்வைக்குள் வந்துவிடுவாள். காலையில் எழுந்ததும் முதலில் என் பெயரைச் சொல்லிப் பார்ப்பாள், அப்புறம் தன் பெயரை, அப்புறம் கிழமையை. எல்லாம் சரியாக வந்துவிட்டால் ஒரு பெருமூச்சு விடுவாள். எனக்கு நெஞ்சு வலிக்கும். அதே சமயம், இவ்வளவு பக்கத்தில் அவள் என்றைக்கும் இருந்ததில்லை என்றும் தோன்றும். இரண்டும் சேர்ந்தே தோன்றும், பொய் சொல்லவில்லை.

நவம்பரில் மருந்துக்கடை வேலையை விட்டாள். நான் விடச் சொல்லவில்லை. சரியாகச் சொன்னால், "நல்லா யோசிச்சுக்கோ" என்றுதான் சொன்னேன். "யோசிச்சாச்சு ஹோக்கான். நான் தப்பான மாத்திரையைக் குடுத்து யாராவது செத்தா? அடுத்தவங்க உயிர் இனிமே என் கையில வேணாம்" என்றாள். க்ரொந்தால் வீட்டையும் அவளே போன் பண்ணி வேண்டாம் என்று சொன்னாள். நான் சமையலறையில் உருளைக்கிழங்கு சீவிக்கொண்டே அதைக் கேட்டுக்கொண்டிருந்தேன். 'குடும்பக் காரணம்' என்று போனில் சொன்னாள். எங்கள் இரண்டு பேரையும் அவள் குடும்பம் என்று சொல்லி நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

பரிசோதனைக்குப் போகலாம் என்றதும் அவள்தான். நான் தடுக்கவில்லை, வண்டியில் கூட்டிக்கொண்டு போனேன். கடிகாரம் வரையச் சொன்னார்களாம். சம்பந்தமில்லாத சொற்களைச் சொல்லி, பத்து நிமிஷம் கழித்துத் திருப்பிக் கேட்டார்களாம். தலையைப் படம் எடுத்தார்கள். முதுகெலும்பிலிருந்து நீர் எடுத்தார்கள். திரும்பி வருகிற வழியெல்லாம் அந்தச் சொற்களை முணுமுணுத்துக்கொண்டே வந்தாள். "எல்லாத்தையும் சொல்லிட்டேன்னுதான் நினைக்கிறேன். இல்ல, எதையாவது விட்டதே தெரியாம விட்டுட்டேனா?" என்று கேட்டாள். வழியில் பனி வழுக்கியது, நான் சாலையைப் பார்த்து ஓட்டினேன்.

முடிவைத் தன் காதால் கேட்க அவளுக்குத் தைரியம் வரவில்லை. என் நம்பரைக் கொடுத்து, என்னிடம் சொல்லலாம் என்று ஒப்புதலும் கொடுத்துவிட்டு வந்திருந்தாள். "நீ கேட்டு எனக்குச் சொல்லு. உன் வாயால கேட்டா தாங்கிப்பேன்." இவ்வளவு பெரிய நம்பிக்கையை ஒருத்தி ஒருத்தன்மேல் வைப்பது சாதாரண விஷயமா?

ஜனவரி கடைசியில் போன் வந்தது. மத்தியானச் சாப்பாட்டு நேரம். நான் ஜன்னல் பக்கம் திரும்பி நின்று பேசினேன். நர்ஸுக்குக் குரலிலேயே சந்தோஷம்.

"நல்ல சேதிதான் ஹோக்கான். எல்லாமே சரியா இருக்கு. அவங்க அம்மாவுக்கு இருந்த நோயோட அறிகுறி எதுவுமே இல்ல. ஞாபகசக்தி இந்த வயசுக்கு இருக்கவேண்டியதைவிட நல்லாவே இருக்கு. ஆனா ரொம்பப் பயந்துபோயிருக்காங்க. வீட்ல ஏதாவது பிரச்சனையா?"

"அப்படியெல்லாம் ஒண்ணும் இல்ல. ரொம்ப நன்றி" என்றேன்.

"சீக்கிரம் சொல்லிடுங்க. பாவம், துடிச்சுக்கிட்டிருப்பாங்க."

"சொல்லிடறேன்."

திரும்பினேன். மாலின் வாசற்படியில் நின்றுகொண்டிருந்தாள். கையில் ஈரத்துணி. அவள் என் வாயைப் பார்க்கவில்லை, என் கண்ணைப் பார்த்தாள். சொல்லத்தான் போனேன். சத்தியமாக நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டது. சொன்னால் இந்த முகம் மலரும் என்று தெரியும். மலர்ந்த முகத்தோடு முதல் காரியமாக மருந்துக்கடைக்குப் போன் செய்வாள். அப்புறம் வீட்டு வரிசையில் மறுபடி பெயர் கொடுப்பாள். அப்புறம் என்றைக்காவது ஒருநாள் நின்று நிதானமாக யோசித்து, அந்தச் சாவியைப் பார்ப்பாள்.

நான் ஒன்றும் சொல்லவில்லை. போய் அவளைக் கட்டிக்கொண்டேன்.

"சரி" என்றாள். "புரிஞ்சுது. நீ சொல்ல வேணாம்ப்பா. உனக்கு அந்தக் கஷ்டம் வேணாம்." என் முதுகைத் தட்டிக்கொடுத்தாள். அவள் எனக்கு ஆறுதல் சொன்னாள்.

நான் பொய் சொன்னேன் என்று நீங்கள் எழுத முடியாது. நான் ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை.

அதற்குப் பிறகு வந்த நாட்கள்தான் எங்கள் வாழ்க்கையிலேயே அமைதியான நாட்கள். மாலின் அழுவதை நிறுத்திவிட்டாள். வீட்டில் பாடினாள். அலமாரிகளை ஒழுங்குபடுத்தினாள், பாட்டுக் குழுவின் கறுப்பு உடையைத் துவைத்துத் தேய்த்துத் திருப்பிக் கொடுத்துவிட்டு வந்தாள். எனக்குப் பிடித்த, கொத்துக்கறி வைத்த முட்டைக்கோஸ் புட்டிங் செய்தாள், நான் கேட்காமலே இன்னொரு தடவையும் செய்தாள். ஊல்லாவுக்கு ரொட்டி சுட்டுக் கொண்டுபோய்க் கொடுத்தாள். நோயோடு சமாதானம் ஆகிவிட்டாள் என்று நினைத்தேன். ஈஸ்டர் வரைக்கும் இப்படி இருக்கட்டும், அப்புறம் மெதுவாகச் சொல்லிக்கொள்ளலாம், வேறு ஒரு டாக்டர் மறுபடி பார்த்து நல்லபடியாகச் சொன்னார் என்கிற மாதிரி ஏதாவது. சொல்லத்தான் இருந்தேன்.

அந்தச் சனிக்கிழமை நல்ல வெயில். உறைந்துகிடந்த விரிகுடா முழுக்க ஜனங்கள் பனிமேல் சறுக்கிக்கொண்டிருந்தார்கள். அவளும் சறுக்குக் காலணிகளை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். ஒரு மாணவிக்கு ஓட்டுநர் தேர்வு இருந்ததால் நான் கூடப் போகவில்லை. மற்றதை என்னைவிட நீங்கள் நன்றாக அறிவீர்கள். பாலத்துக்குக் கீழே நீரோட்டம் இருக்கும், அங்கே பனி என்றைக்கும் கெட்டிப்படாது, ஊரில் குழந்தைக்குக்கூட அது தெரியும். நாயைக் கூட்டிவந்த ஒருவர் கரையிலிருந்து, அந்தப் பக்கம் போகாதீங்க என்று கத்தியிருக்கிறார். அவள் திரும்பிப் பார்த்துக் கையை அசைத்துவிட்டுப் போனாளாம்.

கழுத்தில் மாட்டிக்கொள்கிற பனி ஆணிகளைப் படகுத்துறைக் கம்பத்தில் தொங்கவிட்டுப் போயிருந்தாள் என்று நீங்கள்தான் சொன்னீர்கள். பனி உடைந்து தண்ணீரில் விழுந்தால் அதன் விளிம்பில் குத்தி ஏறி வருவதற்கு அதை விட்டால் வேறு வழி இல்லை. அது இல்லாமல் இந்த ஊரில் ஒருவரும் பனிமேல் கால் வைப்பதில்லை. அதனால்தான் இதை விபத்து என்று மூட உங்களுக்கு மனம் வரவில்லை. உங்கள் வேலையை நீங்கள் சரியாகச் செய்கிறீர்கள், எனக்கு அதில் கோபம் இல்லை.

ஆகவே, ஆம். அவளுக்கு மறதி கிடையாது. ஒருநாளும் இருந்ததில்லை. பூட்டை மாற்றியது நான், சைக்கிளை நகர்த்தியது நான், ஒத்திகை நாளை மாற்றிச் சொன்னது நான். நல்ல சேதியைக் கேட்டுவிட்டு வாய் திறக்காமல் இருந்ததும் நான். இதில் எது குற்றம் என்று சட்டப் புத்தகத்தில் தேடிப் பாருங்கள். பூட்டை நகர்த்துவதற்குச் சிறைத்தண்டனை இருப்பதாக நான் கேள்விப்பட்டதில்லை.

தற்கொலை எண்ணம் இருப்பதாக அவள் எப்போதாவது சொன்னதுண்டா என்று போன தடவை கேட்டீர்கள். இல்லை என்றேன். அது மட்டும் சரியான பதில் அல்ல. திருத்திக்கொள்ளுங்கள். சொல்லியிருக்கிறாள். முதல் நாளே சொன்னாள், என் மடியில் படுத்துக்கொண்டு அம்மா கதையைச் சொல்லி முடித்தபோது. "அம்மா மாதிரி அந்தக் கடைசி வருஷங்களை நான் வாழ மாட்டேன் ஹோக்கான். எனக்கும் அது வந்துடுச்சுன்னு உறுதியாத் தெரிஞ்ச அன்னிக்கு, எங்க போறேன்னு எனக்குத் தெரியும்போதே நான் போயிடுவேன்." அவள் சும்மா பேசுகிறவள் அல்ல. எனக்கு அது தெரியும். எல்லா நாளும் தெரிந்துதான் இருந்தது. ஜன்னல் பக்கத்தில் போனை வைத்துவிட்டு அவளைக் கட்டிக்கொண்டபோதும் தெரிந்துதான் இருந்தது.

ஆனால் அவள் இன்னொன்றும் சொன்னாள். "உன்கிட்ட சொல்லாம மட்டும் போக மாட்டேன்" என்று என் கையைப் பிடித்து வாக்குக் கொடுத்தாள். அந்த ஒரு வார்த்தையை நம்பித்தான் நான் தைரியமாக இருந்தேன். புறப்படுகிற அன்று என்னிடம் வருவாள், அப்போது எல்லாவற்றையும் சொல்லி நிறுத்திவிடலாம், என் காலடியில் பிரேக் இருக்கிறது என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அந்தச் சனிக்கிழமை அவள் வாசலில் நின்று, பால் தீர்ந்துவிட்டது, வரும்போது வாங்கி வா என்று மட்டும் சொன்னாள். வாங்கி வந்தேன்.

நான் எத்தனையோ தப்பு செய்திருக்கலாம். வாக்குக் கொடுத்துவிட்டு மீறியவன் நான் இல்லை. ஒளிவுமறைவு இல்லாமல் இருப்போம் என்றுதான் எங்களுக்குள் பேச்சு, என்னிடம் சொல்லாமல் போய் அதை உடைத்தவள் அவள்தான்.